தலைமையாசிரியர் பதவியும் ஆண்டுக் கணக்கும்

நம் கல்லூரியிற் பயின்று பட்டம் பெற்று வெளியேறுவோருள் கணிசமானோர் ஆசிரியத் தொழிலையே மேற்கொள்கின்றனர். அவருள்ளும் சிலர், இருபது முப்பது ஆண்டு கரும்பலகையோடு பழகிய பின்னர், தலைமையாசிரியர் அறையின் வாயிலில் வந்து நிற்கின்றனர். வேறு சிலரோ மிஷன் பள்ளிகளின் தாளாளராகவும் நிர்வாகக் குழுவினராகவும் அமர்ந்து, அவ்வறையினுள் யாரை அழைப்பது என்று தீர்மானிக்கும் பொறுப்பை ஏற்றிருக்கின்றனர். இவ்விரு திறத்தாரும் நீதிமன்றத்தில் எதிரெதிராய் நிற்க நேர்ந்ததும் உண்டு. ஆதலின், தலைமையாசிரியர் நியமனத்தில் அநுபவத்தைப் பற்றி எழுந்த வழக்குகள் சிலவற்றை எடுத்துக்கொண்டு, அவற்றின் நியாயத்தை நிதானமாய் ஆராய்ந்து பார்ப்பது நம்மவர்க்குப் பயன்படும் என்று கருதினோம். நாம் வழக்கறிஞரல்லோம், தீர்ப்புகளைப் படித்தறிந்த அளவிலேயே பேசுகின்றோம்.

தலைமையாசிரியர்க்கு அநுபவம் வேண்டும் என்பதை மறுப்பார் இலர். கால அட்டவணை வகுத்தல், மானியக் கணக்கு எழுதுதல், இளைய ஆசிரியரின் பிழையை அவர் மனம் நோகாவண்ணம் திருத்துதல், சினந்து வரும் பெற்றோரை அமைதியாய்த் திருப்பியனுப்புதல் ஆகிய இவையெல்லாம் பயிற்சிக் கல்லூரியில் முற்றக் கற்றுத் தரப்படுவன அல்ல. ஆயின் இந்த அநுபவம் என்னும் குணத்தைச் சட்டம் எங்ஙனம் அளக்கும்? குணத்தை அளக்க இயலாது. ஆண்டை எண்ண இயலும். ஆகவே ஆண்டைக் குணத்தின் பிரதிநிதியாக நிறுத்தி, இத்தனை ஆண்டு பணியாற்றியவரே இப்பதவிக்கு உரியர் என்று விதி செய்தனர். வழக்குகள் யாவும் இந்தப் பிரதிநிதியைச் சுற்றியே எழுந்தன என்னலாம்.

இங்கே ஒரு வேறுபாட்டை முதலில் மனத்திற் கொள்ள வேண்டும். விதிகளில் ஆண்டுக் கணக்கு இரண்டு வேலைகளைச் செய்கின்றது. குறைந்த அளவு இத்தனை ஆண்டு வேண்டும் என்னுமிடத்து அது வாயில். அவ்வளவு இல்லாதவர் உள்ளே நுழைய முடியாது. மூத்தவர்க்கே முதலிடம் என்னுமிடத்து அது வரிசை. நுழைந்தவருள் முன் நிற்பவர் யார் என்பதை அது காட்டும். வாயில் வேறு, வரிசை வேறு. இவ்விரண்டையும் ஒன்றென மயங்கியதனால், ஆசிரியரும் நிர்வாகிகளும் மிகுந்த பொருளையும் காலத்தையும் இழந்திருக்கின்றனர்.

இரண்டையும் பக்கம் பக்கமாய்க் காண விரும்புவோர் கேரளத்தை நோக்குக. அங்கே 1958ஆம் ஆண்டின் கல்விச் சட்டத்தை ஒட்டி 1959இல் வகுக்கப்பட்ட விதிகளில், பதினான்கு ஏ அத்தியாயத்தின் 44ஆம் விதி வரிசையைக் கூறுகின்றது. உதவிபெறும் பள்ளியில் தலைமையாசிரியர் நியமனம் சாதாரணமாக மூப்புப் பட்டியலின்படியே நடைபெற வேண்டும். மூத்தவரை விடுத்து வேறொருவரை நியமிக்கக் கருதும் மானேஜர் (நம் நாட்டு வழக்கில் தாளாளர்) அம்மூத்தவரிடமிருந்து, தம் உரிமையை நிரந்தரமாகத் துறப்பதாக எழுத்து மூலம் சம்மதம் பெற்று, அதற்குக் கல்வி அதிகாரியின் ஒப்புதலையும் பெறல் வேண்டும். அடுத்து வரும் 44ஏ விதி வாயிலைக் கூறுகின்றது. உயர்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர்க்குப் பட்டதாரி ஆசிரியராகத் தொடர்ச்சியாய் 12 ஆண்டுப் பணியும், கல்வி விதிகள் பற்றிய தேர்விலும் கணக்குத் தேர்விலும் தேர்ச்சியும் வேண்டும் என்பது அதன் சாரம். 50 வயது நிரம்பிய ஆசிரியர்க்குத் தேர்வுகளிலிருந்து விலக்கும் அளிக்கப்பட்டது. ஐம்பது வயதில் ஒருவரைத் தேர்வு மண்டபத்தில் அமர்த்துவது முறையன்று என்று விதி செய்தோர் எண்ணினர் போலும். இவ்விலக்கைக் கட்டுரையின் இறுதியில் மீண்டும் நினைவுகூர நேரும்.

தொடர்ச்சியாய் என்ற அச்சிறு சொல்லை வாசகர் கவனித்திருப்பர். எத்தனை ஆண்டு என்பதைக் காட்டிலும் எந்த ஆண்டு என்பதே பெரும்பாலும் வழக்கின் உயிர்நிலை. நம் கல்லூரியின் பழைய மாணவர் ஒருவர், ஓய்வு பெற்ற பின்னர் ஒருநாள் நம்மைக் காண வந்தார். கையில் மடிப்புகள் கிழிந்த ஓர் ஆணை. விடுப்புக் காலியிடங்களிலே துண்டு துண்டாக அவர் ஆற்றிய நான்கு ஆண்டுப் பணியைத் தொடர்ச்சியான பணியாகக் கொள்வதற்கில்லை என்று அதில் கண்டிருந்தது. அதன் பயனாக, அவருக்குப் பின் வந்தவர் தலைமையாசிரியரானார். அவர் வழக்குத் தொடுக்கவில்லை. “ஜூன் முதல் மார்ச்சு வரை நான் ஆசிரியன்; ஏப்ரல், மே மாதங்களில் ஆசிரியனல்லன். பிள்ளைகள் மட்டும் அந்த இரண்டு மாதத்திலும் கடைத்தெருவில் என்னைக் கண்டால் சார் என்றே அழைத்தார்கள்” என்றார். விதியின் சொல்லை நோக்கின் ஆணை பிழையுடையதன்று. ஆயினும் அவர் சென்ற பின்னர் நெடுநேரம் நமக்கு வேறு வேலை ஓடவில்லை.

இன்னொரு சிக்கல் பட்டத்தைப் பற்றியது. ஒருவர் குறைந்த தகுதியோடு பணியிற் சேர்ந்து, மாலை வகுப்பிலோ தபால் வழியிலோ உயர்ந்த பட்டம் பெறுகின்றார் என வைத்துக்கொள்வோம். பட்டம் பெறுமுன் ஆற்றிய பணி, பட்டதாரிக்குரிய அநுபவமாகுமா? இதற்கு நேர் விடை தரும் வழக்கு ஒன்று பள்ளிக்கூடத்திலிருந்து வரவில்லை. புதுச்சேரிப் பொதுப்பணித் துறையிலிருந்து வந்தது. அங்கே பதவி உயர்வு பெறப் பொறியியற் பட்டம் உடையவர்க்கு 3 ஆண்டுப் பணி போதும். பட்டயம் மட்டும் உடையவர்க்கு 6 ஆண்டு வேண்டும். இடையிலே பட்டம் பெற்றவர்கள், பழைய ஆண்டுகளையும் சேர்த்து எண்ணுக என்றனர். பட்டம் பெற்ற நாளிலிருந்தே 3 ஆண்டை எண்ண வேண்டும் என்று 1991இல் உச்ச நீதிமன்றம் கூறியது. அத்துறையில் நெடுங்காலமாக இருந்துவந்த வழக்கமும் அதுவே என்பது தீர்ப்புக்கு ஒரு காரணம். பின்னர் மத்தியப் பிரதேசத்துப் பொறியாளர் வழக்கொன்றில், அங்குள்ள விதியின் சொற்கள் வேறாக இருந்தமையால், பட்டத்துக்கு முந்திய பணியும் எண்ணப்படும் என்று தீர்ப்பாயிற்று. 2007இல் இக்கேள்வி மீண்டும் ஆராயப்பட்டபொழுது, பட்டதாரிக்கு வேண்டிய 3 ஆண்டு பட்டத்துக்குப் பின்னரே தொடங்கும் என்ற கருத்தே நிலைபெற்றது. எனினும் ஒவ்வொரு விதியையும் அதன் சொற்களையும் அத்துறையின் வழக்கத்தையும் கொண்டே பொருள் காணல் வேண்டும் என்பதை நாம் மறத்தலாகாது. தலைமையாசிரியர் பதவிக்கு விண்ணப்பிக்கும் ஆசிரியர், தம் பணிப் பதிவேட்டை மட்டுமன்றி விதியின் மூலத்தையும் ஒருமுறை வாசித்துக்கொள்வது நலம். தம் உறவினர் சொன்னதையும் சங்கத்தார் சொன்னதையும் நம்பி வழக்காடித் தோற்றவர் பலர்.

அநுபவம் எந்த நாளில் நிரம்பியிருத்தல் வேண்டும் என்பது அடுத்த வினா. இதற்குரிய விடை 1997ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் ஜம்மு காஷ்மீர்ப் பொறியாளர் வழக்கொன்றில் உறுதிப்படுத்தியது. விளம்பரத்தில் வேறு நாள் குறிக்கப்படாதவிடத்து, விண்ணப்பம் பெறும் கடைசி நாளே அளவுகோல். நேர்காணலுக்குள் தகுதி வந்துவிட்டது என்பது போதாது. இது கொடுமையாகத் தோன்றலாம். இரண்டு மாதம் குறைந்ததற்காக ஒரு நல்ல ஆசிரியரைத் தள்ளுவதா என்று கேட்பர். நீதிமன்றம் காட்டிய காரணத்தைச் சிந்தித்தால் கொடுமை மறையும். இரண்டு மாதம் குறைந்த வேறு பலர், விளம்பரத்தைப் படித்து, நமக்குத் தகுதியில்லை என்று நேர்மையாய் ஒதுங்கியிருப்பர் அல்லரோ? அவர்களும் பின்னர்த் தகுதி பெறுவோமென்று விண்ணப்பித்திருக்கலாமே!

இக்கருத்தை நாம் மிகவும் போற்றுகின்றோம். இதன் வேர் 1990ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றில் உள்ளது; அது பள்ளிக்கூடத்தைப் பற்றியதே. ஆந்திர நாட்டு விஜயநகர மாவட்டத்தில் சமூக நல உறைவிடப் பள்ளிகளை நடத்திவந்த சங்கம், பட்ட மேற்படிப்பில் இரண்டாம் வகுப்பேனும் வேண்டும் என்று விளம்பரஞ் செய்திருந்தது. அத்தகுதியில்லாத ஒருவர் தேர்வு பெற்றார். மூலச் சான்றிதழ்களைச் சரிபார்த்தபொழுது குறை வெளிப்பட்டது. உச்ச நீதிமன்றம் அவ்வழக்கில் ஓர் அரிய உண்மையை எடுத்துக்காட்டிற்று. விளம்பரத்திற் கண்ட தகுதிக்கு மாறாக ஒருவரை நியமித்தல், நியமித்தவர்க்கும் நியமனம் பெற்றவர்க்கும் மட்டும் உரிய காரியமன்று. அதே நிலையிலோ அதனினும் மேலான நிலையிலோ இருந்தும், தகுதியில்லையென்று விண்ணப்பியாது விட்டவர் அனைவரும் அதனால் குறையுற்றோர். தகுதியைத் தளர்த்தலாம் என்று விளம்பரத்திலேயே சொல்லாதவிடத்து அச்செயல் பொதுமக்களை வஞ்சித்தலாகும் என்பது அதன் கருத்து. வழக்குமன்றத்திற் பொதுவாக இரு கட்சியினரே தோன்றுவர். இங்கே மூன்றாவதாக ஒரு கூட்டம் தோன்றுகின்றது. அக்கூட்டத்தார்க்குப் பெயரில்லை, மனுவில்லை, வழக்கறிஞரில்லை. அவர்கள் செய்ததெல்லாம் விதியை நம்பி வீட்டிலிருந்ததே. அநுபவ விதி அவர்கள்பொருட்டே இறுக்கமாய் இருக்கின்றது என்று நாம் கருதுகின்றோம்.

தளர்த்தும் அதிகாரம் சட்டத்திலேயே எழுதப்பட்டிருக்குமாயின் நிலைமை வேறு. அதற்கு உதாரணம் வேண்டிக் கடல் கடந்து செல்வோம். அமெரிக்காவில் நியூயார்க்கு மாநிலச் சட்டம், பள்ளி மாவட்டத் தலைவர் பதவிக்குச் சில ஆண்டு ஆசிரியப் பணியையும் உயர்பட்டப் படிப்பையும் வேண்டுகின்றது. ஆனால் மாநிலக் கல்வி ஆணையர், சிறந்த தகுதியுடையவர் எனத் தாம் கருதுபவர்க்கு விலக்களிக்கலாம். 2010இல் நியூயார்க்கு நகர மேயர் புளூம்பெர்க், பத்திரிகை நிறுவனமொன்றின் தலைவியாயிருந்த கேத்லீன் பிளாக் அம்மையாரை, ஏறத்தாழ 11 இலட்சம் மாணவர் பயிலும் அந்நகரப் பள்ளிகள் அனைத்திற்கும் தலைவராக்க முனைந்தார். அவ்வம்மையார் ஒருநாளும் ஆசிரியப் பணி ஆற்றியவரல்லர். ஆணையர், கல்வி விஷயங்களில் தேர்ந்த ஒருவர் துணையாக அமர்த்தப்படுவார் என்ற ஏற்பாட்டின்மேல், நவம்பர் 29ஆம் நாள் விலக்களித்தார். பெற்றோர் முதலியோர் வழக்குத் தொடுத்தனர். ஆல்பனி நகரத்து நீதிபதி, சட்டம் அளித்த அதிகாரத்தை ஆணையர் வரம்பு மீறிப் பயன்படுத்தவில்லையென்று டிசம்பர் மாத இறுதியில் வழக்கைத் தள்ளினார். வழக்கில் வென்ற அம்மையார், 2011 ஏப்ரல் 7ஆம் நாள், பதவியேற்று நான்கு மாதமும் நிரம்பாமுன்னர் விலகினார். தீர்ப்பு தவறென்று நாம் கூறவில்லை. விலக்களிக்க அதிகாரமுண்டா என்பது நீதிபதி விடையளிக்கும் வினா. விலக்குப் பெற்றவர் பள்ளியை நடத்தவல்லரா என்பது அவர் முன் வைக்கப்படாத வினா.

இனி வரிசைக்கு வருவோம். மிஷன் பள்ளிகளைப் பொறுத்தவரை வழக்கின் சூடு இங்கேதான் மிகுதி. நம் மாநிலத்தில் உதவிபெறும் பள்ளிகளைப் பல்லாண்டு ஆண்ட 1974ஆம் ஆண்டு விதிகள், பதவி உயர்வில் தகுதியையும் திறமையையும் முதலில் வைத்து, அவை ஏறக்குறைய ஒத்திருக்குமிடத்து மட்டுமே மூப்பை நோக்கச் சொல்லின. அப்பள்ளியிலேயே தக்கவர் இருப்பின் வெளியாரை நாடலாகாது என்றும் கூறின. கேரள விதி மூப்பையே முன் வைத்தது. ஆதலின் அங்கே மோதல் விரைவில் வந்தது. கேரள உயர் நீதிமன்றம் 1964ஆம் ஆண்டிலேயே, கோழிக்கோட்டு ஆயர் ஒரு கட்சியாயிருந்த வழக்கில், பள்ளியின் பண்பும் ஒழுங்கும் தலைமையாசிரியரைச் சுற்றியே அமைதலின், அவரைத் தேர்ந்துகொள்ளும் உரிமை பள்ளியை நிர்வகிக்கும் உரிமையின் மிக முக்கியமான கூறு எனக் கருத்துரைத்தது. சிறுபான்மையோர் தாம் விரும்பும் கல்வி நிலையங்களை நிறுவி நிர்வகிக்கலாம் என்னும் அரசியற் சட்டத்தின் 30ஆம் பிரிவே அதற்கு ஆதாரம்.

1998இல் கோழிக்கோடு மாவட்டத்து எம்ஜே உயர்நிலைப் பள்ளியின் வழக்கு உச்ச நீதிமன்றத்தை எட்டியது. முஸ்லிம் சிறுபான்மையினர் நிறுவிய பள்ளி அது. மூத்த ஆசிரியரை விடுத்து வேறொருவரை மானேஜர் நியமித்தார். மூத்தவரின் வாதங்களுள் ஒன்று கூர்மையானது: சர்க்கார் இப்பள்ளியைச் சிறுபான்மைப் பள்ளி என்று அறிவித்தது நியமனத்துக்குப் பின்னரே, நியமன நாளில் அவ்வுரிமை ஏது என்றார். சர்க்காரின் அறிவிப்பு ஏற்கெனவே உள்ள உண்மையை ஒப்புக்கொள்வதேயன்றிப் புதிதாக ஒன்றை உண்டாக்குவதன்று என நீதிமன்றம் விடை கூறி, மூத்தவரின் முறையீட்டைத் தள்ளியது. தலைமையாசிரியரைச் சக்கரத்தின் குடத்திற்கு ஒப்பிட்டு, ஆரைகள் யாவும் அவரிடத்தே பொருந்தியிருத்தலையும் அத்தீர்ப்பு எடுத்துரைத்தது. 2006இல் மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில், கேரளப் பல்கலைக்கழகச் சட்டத்தின் மூப்பு விதியும் உதவிபெறும் சிறுபான்மைக் கல்லூரியின் முதல்வர் நியமனத்தைக் கட்டுப்படுத்தாது என்று தீர்ப்பாயிற்று. சர்க்கார் மானியம் பெறுவதனால் மட்டும் அவ்வுரிமை அழியாது என்பதும் அதிற் கூறப்பட்டது.

இத்தீர்ப்புகளைக் கேட்டு நம் தாளாளர் சிலர், இனி யாரை வேண்டினும் அமர்த்தலாம் என்று மகிழ்ந்ததை நாம் கண்டதுண்டு. அவர்கள் படித்தது பாதியே. நீக்கப்பட்டது வரிசை; வாயில் நீக்கப்படவில்லை. 2002இல் 11 நீதிபதிகள் கூடி அளித்த டி. எம். ஏ. பாய் வழக்கின் தீர்ப்பில், ஆசிரியர்க்கும் முதல்வர்க்கும் வேண்டிய குறைந்தபட்சக் கல்வித் தகுதியையும், அநுபவத்தையும், திறமையைப் பற்றிய பிற நிபந்தனைகளையும் அரசு வகுக்கலாம் என்பது வெளிப்படையாகவே உள்ளது. அநுபவம் என்ற சொல்லே அங்கு உளது. ஆகவே 12 ஆண்டு வேண்டுமென்று விதி இருக்குமிடத்தில், 9 ஆண்டு உடைய குருவானவரையோ சபைப் பெரியவரின் மருமகனையோ 30ஆம் பிரிவு காப்பாற்றாது. 12 ஆண்டு உடைய ஐவருள் மூத்தவரை விடுத்து மூன்றாமவரைத் தேர்ந்துகொள்ளும் உரிமையே அப்பிரிவு தருவது.

அவ்வாறு தேரும்பொழுது காரணம் கூற வேண்டுமா? நெடுங்காலம் வேண்டாம் என்றே நிர்வாகிகள் எண்ணினர். 2006ஆம் ஆண்டுத் தீர்ப்பும், மூத்தவர் தகுதியற்றவர் என்று நிலைநாட்டும் கடமை நிர்வாகத்திற்கு இல்லை என்ற வகையிலேயே செல்கின்றது. ஆனால் 2017 ஜனவரியில் கோவாவிலிருந்து வந்த வழக்கொன்றில், கத்தோலிக்க மறைமாவட்டக் கல்விச் சங்கத்தின் பள்ளியில் தலைமைப் பதவி மறுக்கப்பட்ட ஆசிரியை ஒருவரின் முறையீட்டைக் கேட்ட உச்ச நீதிமன்றம், சிறுபான்மை நிலையத்தின் சுதந்தரம் நேர்மையாகவும் ஒளிவுமறைவின்றியும் நடந்துகொள்ளும் கடமையை நீக்காது என்றது. தேர்வு முறை நியாயமாக நடந்ததா என்பதை உயர் நீதிமன்றம் ஆராயலாம். எங்களுக்குத் தேர்ந்துகொள்ளும் உரிமையுண்டு என்ற ஒரே விடையால் ஆசிரியரின் முறையீட்டைத் தள்ளிவிடலாகாது என்பது அதன் முடிவு.

இதனை மிஷன் நிலையங்களின் உரிமைக்கு நேர்ந்த குறைவு என்று வருந்துவோர் நம்மிடையே உளர். நாம் அவ்வாறு கருதவில்லை. கேரள விதி கேட்ட சம்மதக் கடிதத்தைச் சிறிது நினைத்துப் பார்ப்போம். அவ்விதி சிறுபான்மைப் பள்ளியைக் கட்டுப்படுத்தாது போயினும், அதன் உள்ளே ஒரு மரியாதை இருந்தது: மூத்தவரை அழைத்து, எதிரே அமர்த்தி, பேசியாக வேண்டும். உரிமை வந்தவுடன் அப்பேச்சும் ஒழிந்தது. இருபத்தைந்து ஆண்டு ஒரே பள்ளியில் மணியடிப்பதற்கு முன் வந்து நின்றவர், புதிய தலைமையாசிரியரின் பெயரை அறிவிப்புப் பலகையில் கண்டு அறிந்துகொள்ளும் நிலை ஏற்பட்டது. பதவி கிடையாமையினும் சொல்லாமையே அவர்களை வழக்கறிஞர் வீட்டுக்கு அனுப்புகின்றது என்பது, அத்தகையோர் சிலரோடு பழகியதால் நாம் கொண்ட துணிபு. நேர்காணலுக்கு முன்னரே அளவுகோல்களை எழுதி வைத்தலும், ஐவருக்கும் அவற்றைக் காட்டுதலும், முடிவைக் காரணத்தோடு குறிப்பேட்டில் பதிதலும் நிர்வாகிகளுக்கு ஒரு மாலைப்பொழுது வேலையே.

வாயிலைப் பற்றிய வழக்கு இதற்கிடையில் வேறு உருவங்கொண்டது. ஒன்று முதல் எட்டு வகுப்பு வரை கற்பிப்போர்க்கு 2010இல் விதிக்கப்பட்ட ஆசிரியர் தகுதித் தேர்வு, அதற்கு முன்னரே பணியேற்றவரையும் கட்டுமா, பதவி உயர்வுக்கும் வேண்டுமா என்னும் வழக்குகள் தமிழ்நாட்டிலிருந்தும் மகாராஷ்டிரத்திலிருந்தும் உச்ச நீதிமன்றத்துக்குச் சென்றன. 2025 செப்டம்பர் 1ஆம் நாள் தீர்ப்பு வந்தது. ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் உள்ளவர் இரண்டாண்டுக்குள் அத்தேர்வில் தேற வேண்டும். ஐந்தாண்டுக்குக் குறைவாக உள்ளவர் தேர்வின்றியே பணியைத் தொடரலாம், ஆனால் பதவி உயர்வு வேண்டின் அவரும் தேர்வெழுதித் தேறியே ஆக வேண்டும் என்பது அதன் பயன். ஐம்பது வயதினரைத் தேர்வு மண்டபத்திலிருந்து விடுவித்த பழைய கேரள விதியையும், ஐம்பத்தாறு வயதினரையும் அம்மண்டபத்துக்கு அழைக்கும் இத்தீர்ப்பையும் அடுத்தடுத்து வைத்துப் பார்க்கின், ஆண்டு என்னும் பிரதிநிதியின்மேல் நம்பிக்கை எவ்வளவு குறைந்திருக்கின்றது என்பது விளங்கும். சிறுபான்மைப் பள்ளிகளை இக்கடமை கட்டுமா என்ற கேள்வியை மட்டும் அந்நீதிபதிகள் தாமே முடிக்காது, பெரிய ஆயத்தின் ஆலோசனைக்கெனத் தலைமை நீதிபதிக்கு அனுப்பினர்.

நாமறிந்த மிஷன் நடுநிலைப் பள்ளி ஆசிரியை ஒருவர், 24 ஆண்டுப் பணி உடையவர், அவ்விடை வருமுன்னரே நம் நூலகத்திலிருந்து குழந்தை உளவியல் நூலொன்றை இரவல் பெற்றுச் சென்றார். இரண்டு முறை தவணை நீட்டித்தும் இன்னும் அது திரும்பவில்லை.